வேண்டாம்தானே?

கிளேட்டன், மெல்பேர்ண்
8 பெப்ரவரி 1976

அன்புள்ள அக்காவுக்கு,

யோகா எழுதுகிறேன். நீங்களும் அத்தானும் பிள்ளைகளும் நோய்நொடி இல்லாமல் இருக்கிறீர்கள் என்று நம்புகிறேன். இங்கே அண்ணா, விமலா மச்சாள், குழந்தைகள் எல்லோரும் சுகம்.

ஐயா பழையபடிதான். வலக்கை இன்னும் எழும்பவில்லை. பேச்சும் அந்த ஒரு சொல்லோடு நிற்கிறது. "ஐயா, தேத்தண்ணி குடிக்கிறியளோ?" "ஓம்." "வெளியிலை கூட்டிக்கொண்டு போகட்டோ?" "ஓம்." "இண்டைக்கு வியாழனோ வெள்ளியோ?" "ஓம்." பாரிசவாதம் வந்த சிலருக்கு இப்படி ஒரே ஒரு சொல் மிஞ்சுமாம் என்று டொக்டர் சொல்கிறார். ஸ்ரேசன் மாஸ்ரராக இருந்து காங்கேசன்துறைப் பாதை முழுக்க அதட்டின மனுஷனுக்கு மிஞ்சினது இந்தச் சொல்லா என்று எனக்குச் சிலநேரம் சிரிப்பு வரும். பிறகு அழுகை வரும்.

ஒரு விஷயம் கேட்கத்தான் எழுதுகிறேன். ஊரில் நான் ஆஸ்பத்திரி ஆய்வுகூடத்தில் வேலை செய்தவள் என்பதை இந்த வீட்டில் எல்லோரும் மறந்துவிட்டார்கள். இங்கே ஒரு தொழில்நுட்பக் கல்லூரியில் என்னைப் போன்றவர்களுக்கு மூன்று மாத வகுப்பு நடக்கிறது. முடித்தால் இந்த ஊர் ஆய்வுகூடத்தில் வேலை எடுக்கலாம். ஜூலை வகுப்பில் எனக்கு இடம் கிடைத்துவிட்டது. வகுப்புப் பகலில். அண்ணாவும் மச்சாளும் வேலைக்குப் போனால் ஐயாவோடு நிற்க ஒருவருமில்லை. அந்த மூன்று மாதம் ஐயாவை நீங்கள் சிட்னியில் வைத்திருந்தால் போதும். யோசித்து எழுதுங்கோ அக்கா.

பக்கத்து வீட்டில் சுமிகோ என்று ஒரு ஜப்பான் மனுசி இருக்கிறா. உலகச் சண்டை முடிந்த பிறகு அங்கே நின்ற ஆஸ்திரேலியப் பட்டாளத்துக்காரரைக் கட்டிக்கொண்டு வந்தவ. சேர்ச் மண்டபத்தில் மாதம் ஒரு புதன்கிழமை பழைய ஜப்பான் படம் போடுகிறார்கள், வா வா என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனா. ஐயாவுக்குச் சாரம் மாற்றி உடுத்திவிட்டுப் போனதால் பிந்திவிட்டது, படத்தின் பெயரும் தெரியாது. கதை என்று ஒன்றுமில்லை அக்கா. வாசலில் செருப்பைக் கழற்றுகிறார்கள், நிலத்தில் இருந்து சாப்பிடுகிறார்கள், உடுப்புக் காயப்போடுகிறார்கள். கமராவும் பாயில் இருந்துதான் பார்க்கிறது. சண்டையில் தோற்ற சனம், ஆனால் சண்டையைப் பற்றி ஒரு கதையும் இல்லை. சுமிகோ மட்டும் கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தா.

உங்கள் பதிலைப் பார்த்திருக்கும்
யோகா


கிரவீன், சிட்னி
21 மார்ச் 1976

அன்புத் தங்கச்சி யோகாவுக்கு,

அக்கா எழுதிக்கொள்வது. கடவுள் புண்ணியத்தில் எல்லோரும் சுகமாக இருக்கிறோம். எனக்கு மட்டும் முழங்கால் நோ விட்டபாடில்லை. பள்ளிக்கூடம் தொடங்கின அமளியில் பதில் பிந்திவிட்டது, குறை நினையாதே.

ஐயாவை நினைத்து நான் அழாத நாளில்லை. நீ பக்கத்தில் இருந்து பார்க்கிறாய், உனக்குக் கிடைத்த பாக்கியம் எனக்கு இல்லை. அவருக்கு எலுமிச்சை ஊறுகாய் அனுப்புகிறேன். உப்புக் குறைத்துத்தான் போட்டிருக்கிறேன்.

உன் ஜப்பான் படக் கதையை அத்தானுக்கு வாசித்துக் காட்டினேன். "கொழும்பிலை குண்டு போட்டவன்ரை படத்தை இவள் ஏன் தேடிப்போய்ப் பார்க்கிறாள்?" என்று கேட்டார். உனக்கு அது தெரியாது, நீ பிறக்கவில்லை. குண்டு விழுந்த கையோடு சனமெல்லாம் ஊருக்கு ஓடியது. கோட்டை ஸ்ரேசனில் ஐயா என்னை ஜன்னலால் ரெயிலுக்குள் தூக்கிப் போட்டார். அந்தச் சனத்துக்கும் வீடு வாசல், சோறு கறி உண்டு என்று எனக்கு இப்பதான் யோசனை வருகிறது.

இங்கே வீட்டுக்குப் பெயின்ற் அடிக்கிறார்கள். ஒரே மணம், தலையிடி. குளிக்கும் அறை வேறு மேல்மாடியில். ரஞ்சினிக்குப் பரத நாட்டியம் படிப்பிக்க ஆள் தேடுகிறோம், ஒருவரும் கிடைக்கவில்லை.

மற்ற விஷயங்களை ஆறுதலாக யோசிப்போம்.

இப்படிக்கு
உன் அக்கா சந்திரவதனா


கிளேட்டன்
18 ஏப்ரல் 1976

அன்புள்ள அக்காவுக்கு,

ஊறுகாய் வந்தது. ஐயா விரும்பிச் சாப்பிட்டார். உங்கள் முழங்காலுக்கு இஞ்சி அரைத்துப் பற்றுப் போடுங்கோ. மற்றும்படி இங்கே எல்லோரும் சுகமே.

அக்கா, "மற்ற விஷயங்கள்" என்று எழுதியிருக்கிறீர்கள். நான் எழுதினது ஒரே ஒரு விஷயம். ஐயாவை மூன்று மாதம் வைத்திருப்பீர்களா? பெயின்ற் ஜூலைக்கு முதல் காய்ந்துவிடும். குளிக்கும் அறை மேல்மாடியில் என்றால் நான் இங்கே செய்வதுபோல் கதிரையில் இருத்தி உடம்பு துடைத்துவிடலாம். ஒரு வரி எழுதுங்கோ.

போன புதன் வேறொரு படம். சண்டைக்குப் போன புருஷன் திரும்பி வருகிறான். பெண்சாதி தன் கலியாண உடுப்பையும் கொடுத்து அரிசி வாங்கி, அவனுடைய தாயைக் காப்பாற்றி வைத்திருக்கிறாள். அவன் வந்து பாயில் இருக்கிறான். அவன் "தேத்தண்ணி" என்றால் எழும்புகிறாள். மாமி இருமினால் எழும்புகிறாள். வாசலில் ஆள் கூப்பிட்டால் எழும்புகிறாள். இருந்து எழும்பி இருந்து எழும்பி எனக்கே இடுப்பு நோகிறது.

படம் முடிந்து தேத்தண்ணி குடிக்கும்போது ஒரு வெள்ளைக்கார மனுசி, கழுத்தில் மரமணி மாலை, என்னிடம் வந்து கண்ணை மூடிக்கொண்டு சொல்கிறா: "என்ன சாந்தமான வாழ்க்கை!" எனக்குக் கோபம் உச்சந்தலையில் ஏறிவிட்டது. "அவள் சாப்பிட்டதைக் கண்டீங்களோ?" என்று கேட்டேன். அவ முழிக்கிறா. "படம் முழுக்கச் சனம் சாப்பிட்டுக்கொண்டே இருக்குது. எல்லாருக்கும் போட்டுக் குடுக்கிறாள். அவள் ஒரு வாய் வைச்சதைக் கண்டீங்களோ?" எனக்கு ஏதோ சுகமில்லை என்பதுபோல என் முதுகைத் தடவிவிட்டுப் போனா. சாந்தமாம், கண்டறியாத சாந்தம்! சுமிகோ வாயைப் பொத்திக்கொண்டு சிரிசிரியென்று சிரித்தா.

பதில் போடுங்கோ அக்கா. ஜூலை வரப்போகிறது.

யோகா


கிரவீன்
13 ஜூன் 1976

அன்பின் யோகாவுக்கு,

நீ, ஐயா, தம்பி குடும்பம் எல்லோரும் சுகம்தானே. இங்கே சரியான குளிர். அத்தானுக்குச் சளி பிடித்து இப்பதான் எழும்பி நடமாடுகிறார். நானும் எழுத எழுத என்று இருந்து இரண்டு மாதம் போய்விட்டது.

பெயின்ற் வேலை முடிந்தது. குசினிக்கு வெளிர் மஞ்சள். வந்து பார்த்தால் உனக்குப் பிடிக்கும்.

போன ஞாயிற்றுக்கிழமை இந்திரகுமாரையும் புதுப் பெண்ணையும் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டோம். உனக்கு அவரை ஞாபகமிருக்கும். நில அளவை வேலை, போன தீபாவளிக்கு நீங்கள் எல்லோரும் இங்கே நின்றபோது வந்தவர். சித்திரையில் ஊருக்குப் போய்க் கட்டிக்கொண்டு வந்திருக்கிறார். பெண்ணுக்கு ஊர் மானிப்பாய். அடக்கமான பிள்ளை, நல்லாய்ச் சமைக்கவும் தெரியும். நீ வேண்டாம் என்று சொன்ன பிறகு அவரும் எத்தனை நாள் பார்த்திருக்கிறது, பாவம். நல்லாய் இருக்கட்டும்.

உன் வகுப்பு விஷயம் அத்தானோடும் கதைத்தேன். இந்த ஜூலை கொஞ்சம் கஷ்டம் போல. அடுத்த தரம் பார்க்கலாமே. வகுப்பு எங்கே ஓடிவிடப் போகிறது?

ஐயாவுக்கு என் அன்பைச் சொல்லு.

அக்கா


கிளேட்டன்
17 ஜூன் 1976

அக்காவுக்கு,

சுகம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை, மன்னியுங்கோ.

நான் எப்போது வேண்டாம் என்று சொன்னேன்? யாரிடம் சொன்னேன்? எதை வேண்டாம் என்றேன்? இந்திரகுமார் என்னைக் கேட்டாரா? யாரிடம் கேட்டார்?

எனக்கு அவரை ஞாபகமிருக்கிறது. அன்றைக்கு ஐயாவுக்குச் சோறு தீத்திவிட்டு நான் குசினிக் கதவடியில் நின்றபோது கதிரையை இழுத்துப் போட்டு "இருங்கோ" என்றவர். நான் என்ன படித்தேன் என்று கேட்டவர். இந்த நாட்டுக்கு வந்த பிறகு அப்படி என்னைக் கேட்டது அவர் ஒருத்தர்தான். அண்ணா வீட்டிலும் கேட்டதில்லை, உங்கள் வீட்டிலும் கேட்டதில்லை.

உடனே பதில் எழுதுங்கோ. சளி, பெயின்ற், முழங்கால் ஒன்றும் வேண்டாம். பதிலை மட்டும் எழுதுங்கோ.

யோகா


கிரவீன்
18 ஜூலை 1976

யோகாவுக்கு,

சுகமாயிருப்பாய் என்று நினைக்கிறேன். உன் கடிதத்தை வாசித்து எனக்குப் பிரஷர் கூடிவிட்டது. மூத்த சகோதரத்துக்கு எழுதுகிற முறையா அது? அத்தான் கண்ணில் படாமல் ஒளித்து வைத்தேன்.

கேட்டாய், சொல்கிறேன். தீபாவளி முடிந்து ஒரு கிழமையில் இந்திரகுமார் அத்தானிடம் வந்து மரியாதையாகக் கேட்டார். நான் அன்றைக்கே தம்பிக்கு ரெலிபோன் எடுத்தேன். உன்னைக் கேட்டுச் சொல்லச் சொன்னேன். இரண்டு நாளில் தம்பி திருப்பி எடுத்தான். "கேட்டனான் அக்கா. தனக்கு உந்த யோசனை இல்லையாம். ஓம் எண்டு தெளிவாய்ச் சொன்னவள்" என்றான். நானும் அதை நம்பி அவருக்குச் சொல்லி அனுப்பினேன். இதில் என் பிழை என்ன? நீ சொன்னதைத்தானே நாங்கள் சொன்னோம்.

நடந்தது நடந்துவிட்டது. வீட்டுக்குள் இதைக் கிளறி ஐயாவின் மனதை நோகப் பண்ணாதே.

அக்கா


கிளேட்டன்
25 ஜூலை 1976

அன்புள்ள அக்கா அறிவது,

தம்பி ஆனந்தராஜா எழுதுவது. அனைவரும் நலம். கந்தோரில் வேலை அதிகம், ஆகையால் சுருக்கமாக எழுதுகிறேன்.

நீங்கள் யோகாவுக்கு அந்தச் சம்பந்த விஷயத்தை எழுதியிருக்கத் தேவையில்லை. நாலைந்து நாளாக அவள் எனக்கு முகம் கொடுத்துக் கதைப்பதில்லை. தட்டை மேசையில் வைக்கிற சத்தத்தில் குழந்தைகள் பயப்படுகின்றன. ஜூலை வகுப்பு போனதும் சேர்ந்து, வீடு வீடாக இல்லை.

நான் அவளைக் கேட்காமல் ஒன்றும் செய்யவில்லை. குசினியில் ஐயாவுக்குக் கஞ்சி கொடுத்துக்கொண்டிருந்தாள். "யோகா, உனக்கு இப்ப கலியாணம் கிலியாணம் எண்டு ஒண்டும் வேண்டாம்தானே?" என்று கேட்டேன். "ஓம்" என்றாள். இதைவிடத் தெளிவாக ஒரு மனுஷன் எப்படிக் கேட்பது? ஐயாவும் பக்கத்தில் இருந்தார். அவரிடமும் கேட்டேன். அவரும் ஓம் என்றார்.

இன்னொன்று. "இப்ப அவள் கலியாணம் எண்டு போனால் ஐயாவை ஆர் பார்க்கிறது? என்னாலை ஏலாது தம்பி, யோசிச்சுக் கேள்" என்று ரெலிபோனில் சொன்னது நீங்கள். நான் யோசித்துத்தான் கேட்டேன். இப்போது முழுப்பழியையும் என் தலையில் போடாதேயுங்கோ.

விமலா தன் அன்பைத் தெரிவிக்கச் சொன்னாள்.

ஆனந்தராஜா


கிளேட்டன்
15 ஓகஸ்ட் 1976

அக்காவுக்கு,

ஐயா சுகம். குழந்தைகள் சுகம். நான் கொதித்துக்கொண்டிருக்கிறேன்.

அண்ணாவைப் பிடித்துக் கேட்டேன். "நான் தனிய முடிவெடுக்கேல்லை, அக்காவையும் கேள்" என்றார். நீங்கள் எழுதின கடிதத்தில் அந்தத் துண்டு இல்லை. எனக்கு ஒன்பது மாதத்துக்கு முந்திய ஒரு பின்னேரத்தை ஞாபகத்துக்குக் கொண்டுவர முடியவில்லை. நான் ஓம் என்றேனாம். எப்போது, எதற்கு, ஒன்றும் தெரியவில்லை. எனக்குத்தான் விசரோ என்றுகூட யோசித்தேன்.

போன புதன்கிழமை சுமிகோ என்னை விடவில்லை, படத்துக்கு இழுத்துக்கொண்டு போனா. நான் சொல்வதைக் கவனமாக வாசியுங்கோ.

படத்தில் ஒரு பெண், பஸ் கொண்டக்டர். கலியாணமாகாதவள். தாய் படுத்த படுக்கை, அவள்தான் பார்க்கிறாள். தகப்பனின் திவசத்துக்குத் தமையனும் தமக்கையும் வருகிறார்கள். அதற்கு முதல், அவளுடைய பஸ்ஸில் தினமும் ஏறுகிற ஒருத்தர் தமையனிடம் அவளைக் கேட்டிருக்கிறார். அது எங்களுக்குத் தெரியும், அவளுக்குத் தெரியாது. தமையனும் தமக்கையும் தேத்தண்ணியை வைத்துக்கொண்டு குசுகுசுவென்று கதைக்கிறார்கள். பிறகு அவள் படுக்கை மடித்துக்கொண்டிருக்க, தமையன் கேட்கிறான். கீழே ஆங்கிலத்தில் எழுத்து வருகிறது. எங்கள் கதையில் சொன்னால்: "நீ எங்களை விட்டுப் போற எண்ணம் ஒண்டும் இல்லைத்தானே?"

அவள் "ஹை" என்கிறாள். ஜப்பானில் ஹை என்றால் ஓம். ஆங்கிலத்தில் "யெஸ்" என்று போட்டார்கள்.

மண்டபம் முழுக்கக் கைதட்டிச் சிரித்தது அக்கா! வெள்ளைக்காரனுக்கு அந்தக் கேள்விக்கு யெஸ் என்றால் "போகத்தான் போறன்" என்று அர்த்தம். அந்தப் பெண் துணிந்து சொல்லிவிட்டாள் என்று அவர்களுக்குச் சந்தோஷம். அடுத்த காட்சியில் அவள் தாயின் முகத்தைத் துடைத்துக்கொண்டிருக்கிறாள், வழக்கம்போல. "யெஸ் எண்டுதானே சொன்னவள்? ஏன் போகேல்லை?" என்று பின்னால் ஒருத்தர் கேட்கிறார். சுமிகோ கதிரைக் கையில் அடித்து, "பிழை, பிழை! நோ என்று போட்டிருக்க வேண்டும்" என்று புறுபுறுத்தா. "ஓம், நான் போகவில்லை" என்பதுதான் அந்த ஹை. எனக்கு அதை ஒருவரும் சொல்லித்தரத் தேவையிருக்கவில்லை. கேள்வியைக் கேட்டவுடனேயே எனக்கு அந்தப் பின்னேரம் ஞாபகம் வந்துவிட்டது.

நான் ஐயாவுக்குக் கஞ்சி தீத்திக்கொண்டிருந்தேன். அவருடைய கடைவாயால் வழிந்தது. நான் துடைத்துக்கொண்டிருக்க, அண்ணா கதவில் சாய்ந்துகொண்டு கார்ச் சாவியை ஆட்டி ஆட்டி "ஒண்டும் வேண்டாம்தானே?" என்றார். ஓம் என்றேன். அண்ணா கடைக்குப் போகிறார், ஏதும் வேண்டுமோ என்று கேட்கிறார் என்றுதான் நினைத்தேன்! சாவியைக் கையில் வைத்துக்கொண்டு கேட்டால் வேறென்ன நினைப்பேன்? கலியாணம் கிலியாணம் என்று முன்னால் சொன்னாராம், அது என் காதில் விழவேயில்லை. அந்த ஓமில் ஒரு சம்மதமும் இல்லை. ஒரு நாளைக்கு இந்த வீட்டில் நான் எத்தனை ஓம் சொல்கிறேன் தெரியுமா? கூப்பிட்டால் ஓம், வைதால் ஓம், வேலை சொன்னால் ஓம். அதில் ஒன்றைப் பிடித்து என் கலியாணத்தை முடித்துவிட்டீர்கள்.

ஆர் கேட்டவர் என்று சொன்னாரா? பெயர் சொன்னாரா? "இந்திரகுமார் கேட்கிறார், நீ என்ன சொல்லுறாய்?" என்று கேட்க எவ்வளவு நேரம் பிடிக்கும்? வேண்டாம்தானே என்று கேட்டால் ஓம் என்றாலும் வேண்டாம், பேசாமல் நின்றாலும் வேண்டாம். வேண்டும் என்று சொல்ல அந்தக் கேள்வியில் இடமே இல்லை. அதனால்தான் அப்படிக் கேட்டீர்கள்.

படத்தில் அவளைக் கேட்டவர் கடைசியில் அவளுடைய பஸ்ஸில் ஏறுகிறார். அவள் ரிக்கற்றைத் துளைத்துக் கொடுக்கிறாள். இரண்டு பேரும் ஒன்றும் கதைப்பதில்லை. ஆனால் அதற்குள் அவளுக்குத் தெரிந்துவிட்டது, அவர் தன்னைக் கேட்டார் என்று. எனக்கு அதுவும் இல்லை. என்னையும் ஒருத்தர் கேட்டார் என்பதை அவர் கலியாணம் கட்டின பிறகு, வெளிர் மஞ்சள் பெயின்ற்றுக்கும் மானிப்பாய்ப் பெண்ணின் சமையலுக்கும் நடுவில் எனக்கு எழுதினீர்கள். அவரைக் கட்டியிருப்பேனோ தெரியாது. கேட்டார் என்றாவது சொல்லியிருக்கலாமே அக்கா. அந்தச் சந்தோஷத்தையாவது எனக்குத் தந்திருக்கலாமே.

வீட்டுக்கு வரும் வழியில் சுமிகோ சொன்னா: "என் அம்மாவும் அப்படித்தான் கேட்டார்கள். அந்தப் பட்டாளத்துக்காரனோடு போக மாட்டாய்தானே என்று. நான் ஹை சொல்லவில்லை. வாயை மூடிக்கொண்டு பெட்டியைக் கட்டினேன்."

யோகா


கிளேட்டன்
12 செப்டம்பர் 1976

அக்காவுக்கு,

எல்லோரும் சுகம். உங்கள் பதில் வரவில்லை. வராது என்று தெரியும்.

ஒக்ரோபர் நடுவில் அடுத்த வகுப்புத் தொடங்குகிறது. இடம் எடுத்துவிட்டேன். அந்த மூன்று மாதம் ஐயா உங்களோடு நிற்பதில் உங்களுக்கு ஆட்சேபனை ஒன்றும் இல்லைத்தானே?

இந்த மாத முடிவுக்குள் எழுதுங்கோ.

யோகா


கிளேட்டன்
6 ஒக்ரோபர் 1976

அன்புள்ள அக்காவுக்கும் அத்தானுக்கும்,

இந்தக் கடிதம் உங்களை நல்ல சுகத்தோடு காணட்டும். இன்றைக்கு உண்மையாகவே சுகம் விசாரிக்கிறேன், ஏனென்றால் இனி உங்கள் உடம்பு நன்றாக இருக்க வேண்டும்.

ஆட்சேபனை இல்லைத்தானே என்று கேட்டேன். மாதம் முடிந்தும் நீங்கள் ஒன்றும் எழுதவில்லை. ஓம் என்று எடுத்துக்கொண்டேன். எங்கள் குடும்பத்தில் அப்படித்தானே வழக்கம்.

வெள்ளிக்கிழமை பின்னேரம் ஐயாவும் நானும் ரெயில் ஏறுகிறோம். சனிக்கிழமை காலை சென்ட்ரல் ஸ்ரேசனுக்கு வருவோம். அத்தானைக் கார் கொண்டுவரச் சொல்லுங்கோ. சக்கர நாற்காலி மடிக்கலாம், பின்னால் வைக்க இடம் காணும்.

ஐயாவையும் கேட்டேன். "நான் படிக்கப் போகட்டோ ஐயா?" "ஓம்." "போகாமல் உங்களோடை நிக்கட்டோ?" "ஓம்." அவரிடம் கேட்டுப் பிரயோசனமில்லை என்று எனக்கே விளங்கினது. என் பதிலை நான்தான் சொல்ல வேண்டும்.

அண்ணா துள்ளிக்குதித்தார். "உதென்ன பேய்க்கதை! அக்காவைக் கேட்டனியோ? அவ மாட்டன் எண்டு சொல்லேல்லைத்தானே?" என்றார். "ஓம்" என்றேன். அதில் ஒரு பொய்யும் இல்லை.

ஐயாவுக்குச் சாப்பாட்டைக் குழையப் பிசைந்து இடப்பக்கத்தால் தீத்துங்கோ. வலப்பக்கம் நின்று கதைத்தால் அவருக்குக் கோபம் வரும். நான் அன்று பின்னேரமே திரும்புகிறேன். திங்கட்கிழமை வகுப்பு.

யோகா


கிரவீன்
24 ஒக்ரோபர் 1976

எடியே யோகா,

சுகமோ என்று நான் கேட்கப் போவதில்லை. நீ சுகமாய்த்தான் இருப்பாய்.

உனக்கு எவ்வளவு நெஞ்சழுத்தமடி! பச்சைத்தண்ணி குடிக்காமல் என் வீட்டு வாசலோடு திரும்பிப் போக நான் என்ன பகையாளியா? அத்தான் இன்னும் என்னோடு புறுபுறுக்கிறார். ரஞ்சினி தன் அறையைக் கொடுத்துவிட்டு என்னோடு படுக்கிறாள். என் முழங்காலை நீ யோசித்தாயா? உன் ஜப்பான்காரிதான் உனக்கு இதெல்லாம் படிப்பித்திருக்கிறாள்.

நீ போன அன்று ஐயா இடக்கையால் கார்க் கதவைப் பிடித்துக்கொண்டு இறங்க மறுத்தார். உன்னை வழியனுப்பத்தான் நிற்கிறார் என்று விளங்கி ஸ்ரேசனுக்குக் கூட்டிக்கொண்டு வந்தோம், உனக்குத் தெரியாது. நீ ரெயில் பெட்டி ஜன்னலடியில் இருந்தாய், எங்களைப் பார்க்கவில்லை. கார்ட் விசில் ஊத ஐயா இடக்கையைத் தூக்கி, ஸ்ரேசன் முழுக்கக் கேட்க "ஓம்!" என்றார். சனமெல்லாம் திரும்பிப் பார்த்தது. ரெயில் வெளிக்கிட்டது.

அன்றிலிருந்து எல்லாவற்றுக்கும் ஓம்தான். பசியா என்றாலும் ஓம், பசியில்லையா என்றாலும் ஓம். நேற்று உடம்பு துடைக்கும்போது எனக்கு அழுகை வந்துவிட்டது. "ஐயா, உங்களுக்கு என்னிலை கோபம் ஒண்டும் இல்லைத்தானே?" என்று கேட்டேன். "ஓம்" என்றார். கோபம் இல்லை என்கிறாரா, இருக்கிறது என்கிறாரா? இரண்டு வருடம் பக்கத்தில் இருந்தவள் நீ. எந்த ஓம் எது என்று உனக்குத் தெரியும். எனக்கு எழுது.

அக்கா


கிளேட்டன்
1 நவம்பர் 1976

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். ஐயாவை ஸ்ரேசனுக்குக் கூட்டி வந்ததற்கு நன்றி. அதை வாசித்து நிறைய நேரம் அழுதேன். ஆனால் என் கோபம் ஆறவில்லை. அதையும் சொல்லிவிடுகிறேன்.

எந்த ஓம் எது என்று எனக்கும் தெரியாது அக்கா. முகத்தைப் பார்த்து, கையைப் பார்த்து, கஞ்சியைத் துப்புகிறாரா விழுங்குகிறாரா என்று பார்த்து நானும் ஊகித்துக்கொண்டுதான் இருந்தேன். நீங்களும் பாருங்கோ. "கோபம் இல்லைத்தானே" என்று மட்டும் கேட்காதேயுங்கோ. கோபமா என்று கேளுங்கோ.

ஐயாவுக்கு அந்த ஒரு சொல்தான் மிஞ்சியிருக்கிறது, அவரில் பிழையில்லை. உங்களுக்கும் அண்ணாவுக்கும் எல்லாச் சொல்லும் வாயில் இருந்தது.

வகுப்புக்கு நேரமாகிறது.

யோகா